பந்தியின் கடைசி இலை

ஹெப்சிபா என்ன வேலை பார்க்கிறாள் என்று கொடைக்கானல் மூஞ்சிக்கல்லில் விசாரித்தால் ஆளுக்கொரு பதில் வரும். சினிமாவில் இருக்கிறாள் என்பார் மருந்துக்கடைக்காரர். வீட்டில் உட்கார்ந்து கம்ப்யூட்டரில் என்னத்தையோ தட்டிக்கொண்டிருப்பாள் என்பாள் பக்கத்து வீட்டு ஜெனி. ஹெப்சிபாவின் புருஷன் ஆக்னல் கொடைக்கானலுக்கு வருகிற சுற்றுலாக்காரர்களை ஜீப்பில் ஏற்றிச் சுற்றிக் காட்டுகிறவன். "எங்க வீட்டம்மா செத்தவங்களத் தேடிக் கண்டுபிடிக்கிறவ சார்" என்று சவாரிக்கு வருகிறவர்களிடம் சொல்லி அவர்களைக் கலவரப்படுத்துவது அவனுக்குப் பொழுதுபோக்கு. உள்ளதைச் சொன்னால் மூன்று பேர் சொன்னதிலும் கொஞ்சம் உண்மை உண்டு.

சினிமாவும் டி.வி. தொடரும் எடுக்கிறவர்களுக்குச் சில நேரம் பழைய காலத்துக் காட்சி தேவைப்படும். கரி எஞ்சின் நின்ற பழனி ரயிலடி, வெள்ளத்தில் மிதந்த மதுரைத் தெரு, என்றைக்கோ இடிந்துபோன பாலம். இதையெல்லாம் புதிதாக எடுக்க முடியாது. யாரோ ஒருவர் அன்றைக்கே எடுத்து எங்கேயோ போட்டு வைத்திருக்க வேண்டும். அந்த யாரோவையும் எங்கேயோவையும் கண்டுபிடித்து, உரிமை யாரிடம் இருக்கிறது என்று விசாரித்து, கையெழுத்து வாங்கிக் காட்சியைக் கொண்டுவந்து கொடுப்பதுதான் ஹெப்சிபாவின் சோலி. கேட்க லேசாக இருக்கும். இறங்கிப் பார்த்தால் நாக்குத் தள்ளிவிடும். பிலிம் கிடைத்தால் சொந்தக்காரர் கிடைக்க மாட்டார். சொந்தக்காரர் கிடைத்தால் பிலிம் பூஞ்சை பிடித்துக் கிடக்கும். ஆனாலும் அவளுக்கு இந்த வேலை என்றால் கொள்ளை ஆசை. ஜன்னலுக்கு வெளியே பனி இறங்கிக்கொண்டிருக்க, கம்பளிக்குள் காலை மடக்கிக்கொண்டு, யாரோ எடுத்த எந்தக் காலத்துக் கூட்டத்தையோ ஒவ்வொரு முகமாகப் பார்த்துக்கொண்டிருப்பதைவிடச் சுகம் வேறு இல்லை என்று நினைக்கிறவள் அவள்.

போன வருஷம் சென்னையிலிருந்து சக்திவேல் என்ற இயக்குநர் கூப்பிட்டார். மலையூர்களைப் பற்றி ஒரு தொடர் எடுக்கிறாராம். "ரோடு வர்றதுக்கு முன்னாடி கொடைக்கானல் மேல்மலை எப்படி இருந்துச்சுன்னு காட்டணும் மேடம். போட்டோ வேணாம், மூவி வேணும். ஆளுங்க நடக்கணும், சிரிக்கணும்" என்றார். ஆசைக்கு என்ன குறைச்சல்! ரோடே இல்லாத ஊருக்குக் கேமரா எப்படிப் போயிருக்கும் என்று அவர் யோசிக்கவில்லை.

ஹெப்சிபா யோசித்தாள். கொடைக்கானல் மிஷன் பள்ளிக்கூடங்களில் முன்பு வெளிநாட்டு வாத்தியார்கள் நிறையப் பேர் இருந்தார்கள். லீவு விட்டால் போதும், முதுகில் மூட்டையும் கையில் சின்னக் கேமராவுமாக மலை மலையாக நடந்தே அலைவார்கள். அவர்கள் எடுத்த சுருள்கள் அவர்களோடு கப்பலேறிப் போயிருக்கும். போன இடத்தில் பிள்ளைகள் யாராவது பத்திரப்படுத்தியிருந்தால் உண்டு. அவள் தெரிந்த சர்ச்சுக்கெல்லாம் எழுதினாள், பழைய மாணவர் சங்கங்களைத் துளைத்தெடுத்தாள். கடைசியில் அமெரிக்காவில் ஒரு காப்பகத்தில் மாட்டியது. எப்போதோ இறந்துபோன ஒரு வாத்தியாரின் மகள், அப்பா எடுத்த சுருள்களை மொத்தமாக அங்கே கொடுத்திருந்தாள். அதில் ஒரு டப்பாவின் மேல் கோணல்மாணலாக எழுதியிருந்தது: கிளாவரை.

காப்பகக்காரர்கள் முழுச் சுருளையும் எடுத்தவுடன் தூக்கிக் கொடுத்துவிட மாட்டார்கள். முதலில் ஒரு மாதிரித் துண்டு வரும். கண் மூடித் திறப்பதற்குள் முடிந்துவிடும். அதிலும் நடுவில் காப்பகத்தின் பெயர் பட்டையாகக் குறுக்கே நிற்கும். அது பிடித்துப்போய் ஒப்பந்தம் போட்ட பிறகுதான் முழுசும் கைக்கு வரும். வந்த துண்டில் ஒரு கல்கோயில் தெரிந்தது, பின்னால் ஒரு கூர்மலை. முன்னால் தலைப்பாகை கட்டிய ஓர் இளவட்டம் இடது கையில் அரிவாளைப் பிடித்துக் கிளை கழித்துக்கொண்டிருந்தான். சட்டென்று திரும்பிக் கேமராவைப் பார்த்து முறைத்தான். அவ்வளவுதான்.

சக்திவேல் துள்ளிக் குதித்தார். "யார் மேடம் இவரு? இவரோட குடும்பத்துல யாராவது உயிரோட இருந்தா அவங்க இதைப் பாக்குறதையே ஷூட் பண்ணிரலாம். முதல் எபிசோடே அதுதான்."

ஆக்னலின் ஜீப்பில் வெள்ளனே கிளம்பினார்கள். பூம்பாறை தாண்டி, மன்னவனூர் தாண்டி, எலும்பெல்லாம் தனித்தனியாகக் கழன்ற பிறகு கிளாவரை வந்தது. கேரள எல்லைக்குப் பக்கத்தில் மலை மடிப்புக்குள் ஊர். படியடுக்காகப் பூண்டும் பீன்ஸும் கேரட்டும். கல்கோயிலும் கூர்மலையும் அப்படியே இருந்தன. படத்தில் கோயிலுக்கு வலப்புறம் தெரிந்த மலை நேரில் இடப்புறம் நின்றது. அதை ஹெப்சிபா கவனிக்காமல் இல்லை. வாத்தியார் கோயிலுக்கு அந்தப் பக்கம் நின்று எடுத்திருப்பார் என்று தனக்குத்தானே ஒரு சமாதானம் சொல்லிக்கொண்டாள். படித்தவர்களுக்குச் சமாதானம் சொல்லவா தெரியாது!

டீக்கடையில் விஷயத்தைச் சொல்லி ஒரு வாய் டீ குடிப்பதற்குள், அறுபதைத் தாண்டிய ஒரு பெண்மணி பூண்டுக்காட்டு மண்கூடக் கழுவாமல் வந்து நின்றாள்.

"பழைய படம் கொண்டாந்திருக்கியளாமே தாயி. அதுல எங்கய்யா இருப்பாரா?"

அன்னக்கொடி என்று பெயர். அவள் தாய் வயிற்றில் இருக்கும்போதே தகப்பன் சின்னக்கருப்பன் காய்ச்சல் கண்டு போய்ச் சேர்ந்துவிட்டான். ஒரு போட்டோ கிடையாது. அந்தக் காலத்தில் இந்த ஊரில் போட்டோவுக்கு எங்கே போவது? அம்மா தங்கமுத்து சாகிறவரை வாயால் வரைந்து காட்டிய படம் ஒன்றுதான் அன்னக்கொடிக்குத் தகப்பன்.

"அய்யாவுக்கு எல்லாம் நொட்டாங்கைதான் தாயி. மம்பட்டி பிடிக்கிறதும் அப்பிடி, அருவா பிடிக்கிறதும் அப்பிடி. சோத்தைக்கூட அந்தக் கையாலதான் திம்பாராம். அடிச்சும் பாத்தாக, கையைக் கட்டியும் பாத்தாக, திருந்தல. அதனால ஊருப் பந்தியில அவருக்குக் கடைசி எலதான். பக்கத்துல ஒக்கார ஆளுக மொகஞ்சுளிப்பாகல்ல? எங்கம்மாதான் ஓடிப் போயிச் சோறு வைக்குமாம். 'எந்தக் கையால தின்னா என்ன, வகுறு ஒண்ணுதான'ன்னு கேக்குமாம்."

ஹெப்சிபாவுக்கு உடம்பு சிலிர்த்துப்போனது. இடது கை! அவள் பாய்ந்து லேப்டாப்பைத் திறந்தாள். அங்கேதான் பிசகினாள். படத்தைக் காட்டிவிட்டு வாயை மூடிக்கொண்டு இருந்திருக்க வேண்டும். அதுதான் இந்த வேலையில் பால பாடம். அவளோ சந்தோஷத்தில், "பாருங்கக்கா, இவரும் இடது கையாலதான் வெட்டுறாரு பாருங்க!" என்று முந்திக்கொண்டு எடுத்துக் கொடுத்துவிட்டாள்.

அன்னக்கொடி திரைக்குப் பக்கத்தில் முகத்தைக் கொண்டுபோனாள். அந்த இளவட்டம் திரும்பி முறைத்தான். அவள் வாயைப் பொத்திக்கொண்டாள்.

"பழகுன மொகமாவுல்ல இருக்கு! தெனம் பாத்த மொகம் மாதிரி இருக்கு தாயி. பெத்த தகப்பன் இல்லாட்டி இப்பிடித் தோணுமா?"

அவள் மகன் கந்தவேல் மட்டும், "மலை என்ன இந்தப் பக்கம் வருது?" என்று கேட்டான். ஹெப்சிபா தயாராக வைத்திருந்த சமாதானத்தை அவனுக்கும் சொன்னாள். அவன் தலையாட்டிக்கொண்டான்.

அடுத்து எல்லாம் வெரசாக நடந்தது. சக்திவேல் ஆட்களோடு வந்து இறங்கினார். ஊரே கூடி நிற்க, அன்னக்கொடி திரையில் தகப்பனைத் தொட்டுத் தொட்டுப் பார்ப்பதைப் படமெடுத்தார்; எடுத்தவர்களே கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். கந்தவேல் கொடைக்கானல் ஸ்டூடியோவில் அந்த முகத்தைப் பெரிதாக அச்செடுத்துச் சட்டம் போட்டுக் கொண்டுபோனான். ஹெப்சிபா ரொம்ப நாளைக்குத் தரையில் கால் பாவாமல் நடந்தாள். வேளாவேளைக்கு அந்தக் கதையைக் கேட்டுக் கேட்டு ஆக்னலுக்கு மனப்பாடமே ஆகிவிட்டது.

ஒப்பந்தம் முடிந்து முழுச் சுருளும் வந்த காலையில் அவள் இட்லித் தட்டோடு மேசையில் உட்கார்ந்தாள். இந்த முறை குறுக்கே பட்டை இல்லை, படம் பளிச்சென்று இருந்தது. ஊருக்குள் போகிற ஒற்றையடிப் பாதை, மட்டக்குதிரை மேல் மூட்டை, கிளை கழிக்கிற அந்த ஆள், பிறகு ஏதோ விசேஷத்துப் பந்தி. கோயில் முன்னால் ஜனங்கள் வரிசையாகச் சம்மணம் போட்டுக் கேமராவைப் பார்த்தபடி சாப்பிடுகிறார்கள். ஹெப்சிபாவும் இட்லியைப் பிட்டு வாய்க்குக் கொண்டுபோனாள். எதிரே ஒரு பெரியவரும் கவளத்தைத் தூக்கினார்.

அவள் கை பாதி வழியில் நின்றுவிட்டது.

அவள் கையும் பெரியவர் கையும் ஒரே பக்கமாக உயர்ந்திருந்தன, கண்ணாடி முன்னால் உட்கார்ந்து சாப்பிடுகிற மாதிரி. எதிரே இருக்கிற ஆள் சோத்தாங்கையால் சாப்பிட்டால் அவளுக்கு அது இடப்பக்கமல்லவா தெரிய வேண்டும்? பெரியவருக்குப் பக்கத்தில் இருந்தவரைப் பார்த்தாள். அவருக்கும் பக்கத்தில் இருந்தவரைப் பார்த்தாள். ஒரு ஊரே சேர்ந்து உட்கார்ந்து இடது கையால் சாப்பிட்டுக்கொண்டிருந்தது. பூமி கவிழ்ந்தாலும் மேல்மலையில் அப்படி ஒரு பந்தி நடக்காது.

பிலிமுக்கு இரண்டு முகம் உண்டு. ஒன்று பளபளக்கும், மற்றது மங்கலாக இருக்கும். ஸ்கேன் செய்கிறவர் முகம் மாற்றி ஏற்றிவிட்டால் வலம் இடமாகவும் இடம் வலமாகவும் படம் வந்துவிடும். கடைப்பலகையோ பஸ்ஸோ இருந்தால் எழுத்து இடவலம் மாறித் தெரிந்து காட்டிக்கொடுக்கும். எழுத்தே இல்லாத ஊரில் யார் காட்டிக்கொடுப்பது? கூர்மலை காட்டிக்கொடுத்தது. அவள்தான் கேட்கவில்லை.

அப்படியென்றால் கிளை கழித்தவன் வலக்கைக்காரன். அன்னக்கொடியின் அய்யா அவன் இல்லை.

சக்திவேலைக் கூப்பிட்டுச் சொன்னாள். அவர், "மேடம், அந்த சீன் எவ்வளவு நல்லா வந்திருக்குன்னு நீங்களே பாத்தீங்க. படத்தைத் திருப்பாமலே விட்டுருவோமே, யாருக்குத் தெரியப் போகுது?" என்றார்.

"அவங்களுக்குத் தெரியணும் இல்லையா?"

"என் சீனுக்காக மட்டும் சொல்லல மேடம். இத்தனை வயசுக்கப்புறம் அந்தம்மாவுக்கு அப்பா கிடைச்சிருக்காரு. இப்பப் போய் 'அவரு இல்ல'ன்னு சொல்லணுமா? மனசு ஒடஞ்சிருவாங்க."

கெட்டவர் சொல்லியிருந்தால் தட்டிவிட்டுப் போயிருக்கலாம். அவர் நல்ல மனசோடு சொன்னதுதான் ஹெப்சிபாவைப் படுத்தியது. இல்லாத தகப்பனை எடுத்துக் கொடுத்தது இவள். கொடுத்ததைப் பிடுங்குவதும் இவளேதானா? சொல்லாமல் விட்டால் அன்னக்கொடி சாகிறவரை நிம்மதியாக இருப்பாள். ஆனால் யாரோ ஒருத்தன் முகத்தைத் தகப்பன் என்று கும்பிட்டுக்கொண்டு.

ஆக்னல் வந்து மேசையைப் பார்த்தான். இட்லி அப்படியே கிடந்தது. விஷயத்தைக் கேட்டுவிட்டு, "சொல்லாம இருந்தா ஒனக்குச் சோறு எறங்குமா ஹெப்சி?" என்றான்.

"எறங்காது."

"அப்ப வண்டிக்கு டீசல் போட்டுட்டு வர்றேன்" என்று சாவியை எடுத்துக்கொண்டு போனான். இந்த மாதிரி நேரத்தில்தான் அவளுக்கு அவனை ரொம்பப் பிடிக்கும்.

அவன் வருவதற்குள் படத்தையாவது நேராக்கிக்கொண்டு போவோம் என்று அவள் வலம் இடம் திருப்பி ஓடவிட்டாள். கூர்மலை தன் இடத்துக்கு வந்தது. பந்தி சோத்தாங்கைக்கு மாறியது. பார்க்கவே நிம்மதியாக இருந்தது. கேமரா வரிசையோடு மெதுவாக நகர்ந்து கடைசிக்குப் போனது.

கடைசி இலைக்கும் அதற்கு முந்தின இலைக்கும் நடுவில் ஓர் ஆள் உட்காரும் அளவுக்கு இடைவெளி. கடைசி இலையில் ஒரு வாலிபன் எதைப் பற்றியும் கவலையில்லாமல் இடது கையால் வெளுத்து வாங்கிக்கொண்டிருந்தான்.

தப்பான படத்தில் அவன் ஒருவன்தான் சோத்தாங்கையால் சாப்பிடுகிறவனாகச் சரியாகத் தெரிந்திருக்கிறான். அதனால்தான் முதலில் கண்ணில் படவில்லை.

அவளுக்குக் கத்த வேண்டும்போல இருந்தது. உடனே வாயை இறுக்கி மூடிக்கொண்டாள். ஒரு தடவை முந்திக்கொண்டு பட்டது போதும். ஊருக்கு இரண்டு இடதுகைக்காரர்கள் இருக்கக்கூடாதென்று சட்டமா? இந்த முறை படம் பேசட்டும், அன்னக்கொடி பேசட்டும், தான் ஊமை. ஜீப்பில் போகிற வழியெல்லாம் அதையே ஜெபம் மாதிரி சொல்லிக்கொண்டு போனாள்.

அன்னக்கொடி வீட்டுக்குள் நுழைந்ததும் அந்தப் படம்தான் வரவேற்றது. நடுச்சுவரில் பெரிய சட்டத்துக்குள் முறைத்துக்கொண்டிருந்தான். சந்தனம், குங்குமம், சம்பங்கி மாலை. முன்னால் விளக்கு எரிந்துகொண்டிருந்தது. ஹெப்சிபாவுக்கு அங்கேயே தரையில் புதைந்துவிடலாம்போல ஆகிவிட்டது.

"வா தாயி, காப்பி குடி. என்ன மொகம் வாடிக் கெடக்கு?"

"காப்பி அப்புறம்க்கா. நான் ஒரு தப்பு பண்ணிட்டேன்."

சுற்றி வளைக்காமல் சொன்னாள். படம் முகம் மாறி வந்ததையும், இடது கை என்று தான் அவசரப்பட்டு எடுத்துக் கொடுத்ததையும் சொன்னாள். கந்தவேல் பக்கத்தில் வந்து நிற்க, அன்னக்கொடி கேட்டுக்கொண்டே இருந்தாள். முகத்தில் ஒன்றும் தெரியவில்லை. திரும்பிச் சுவரைப் பார்த்தாள், விளக்கைப் பார்த்தாள்.

"அப்ப இது எங்கய்யா இல்லையா?"

"இல்லக்கா. என்னைய மன்னிச்சிருங்க."

ஆக்னல் வாசலில் நின்று செருப்பைப் பார்த்துக்கொண்டிருந்தான். அன்னக்கொடியின் கண்ணில் தண்ணீர் கட்டிக்கொண்டு நின்றது; அதை விழவிடாமல் அவள் மூக்கை உறிஞ்சிக்கொண்டு கேட்டாள். "சரி, அப்ப இது யாரு? நான் தெனம் சூடம் காட்டுன ஆளு யாருன்னு தெரியணும்ல?"

ஹெப்சிபா நேரான படத்தை ஓடவிட்டாள். கிளை கழிக்கிற ஆள் வலது கையால் கழித்தான், திரும்பி முறைத்தான். அம்மாவும் மகனும் ஒரே நேரத்தில் முன்னால் குனிந்தார்கள். முகம் நேரானதும் அடையாளமும் நேராகிவிட்டது. வலது புருவத்தின் மேல் ஒரு வெட்டுத் தழும்பு.

"ஏலே கந்தவேலு! இது மேலவீட்டு மணியன்டா!"

கந்தவேல் வாயைப் பிளந்தான். மணியன் யார் என்று ஹெப்சிபாவுக்கு அவன்தான் சொன்னான். மேலவீட்டு மணியனும் இந்த வீடும் ஓடைத் தண்ணீரை யார் முதலில் பூண்டுக்குத் திருப்புவது என்று அந்தக் காலத்தில் மல்லுக்கட்டியவர்கள். மணியன் போன பிறகு அவர் மகன் செல்லப்பாண்டி அந்தச் சண்டையைச் சொத்தோடு சேர்த்து வாங்கிக்கொண்டார். இரண்டு வீட்டுக்கும் பேச்சு வார்த்தை கிடையாது. அதனால்தான் ஊரே கூடிப் படம் பார்த்த அன்றைக்கு அவர் மட்டும் வரவில்லை. வந்திருந்தால் அன்றைக்கே குட்டு உடைந்திருக்கும்.

"பழகுன மொகம் பழகுன மொகம்னயே ஆத்தா! பழகாம என்ன செய்யும்? நீ சின்னப்பிள்ளையில தெனம் திட்டு வாங்குன மொகமில்ல!" என்று சொல்லிவிட்டுக் கந்தவேல் அடக்க முடியாமல் சிரித்தான். "மேலவீட்டாளுக்குப் போயி மாலை போட்டு, சூடங்காட்டி, பொங்க வேற வச்சுப்புட்டமே!"

அன்னக்கொடி அவனை முறைத்தாள். பிறகு சுவரில் இருந்தவனையும் அதே மாதிரி முறைத்தாள். அவளுக்கும் சிரிப்பு வந்துவிட்டது. கட்டி நின்ற கண்ணீர் அந்தச் சிரிப்பில்தான் உருண்டு விழுந்தது.

"கழட்டு அதை. கொண்டு போயி செல்லப்பாண்டிகிட்ட குடு."

"நானா? அவுக வாசலுக்கா?"

"பெத்த தகப்பன் மொகம்டா அது. அது இல்லாம இருக்கிற கஷ்டம் எனக்குத்தாண்டா தெரியும். மாலையக் கழட்டாத, அப்பிடியே குடு."

கந்தவேல் சட்டத்தை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு, தண்டனைக்குப் போகிறவன் மாதிரி மேலவீட்டுக்கு நடந்தான். சுவரில் ஆணி மட்டும் நின்றது. அன்னக்கொடி அதைப் பார்க்காமல் இருக்க முயன்றாள். ஹெப்சிபா மெதுவாக, "இன்னும் கொஞ்சம் படம் இருக்குக்கா. பாக்குறீங்களா?" என்றாள். அதற்குமேல் ஒரு வார்த்தை பேசவில்லை. பேசிவிடக்கூடாதே என்று உதட்டைக் கடித்துக்கொண்டு ஓடவிட்டாள்.

பந்தி வந்தது. ஜனங்கள் சாப்பிட்டார்கள். கேமரா நகர்ந்தது. பரிமாறுகிற பெண்கள் குறுக்கும் நெடுக்கும் போனார்கள். கண்டாங்கிச் சேலையில் ஒருத்தி கையில் சோற்றுக் கூடையோடு வரிசையைத் தாண்டித் தாண்டி வேகமாகப் போனாள். நிறைமாசமாக இருக்க வேண்டும். இடுப்பைப் பின்னால் சாய்த்து நடந்தாள்.

அன்னக்கொடி திடுக்கிட்டு எழுந்தே விட்டாள்.

"அம்மா! தாயி, எங்கம்மா அது! அந்த நடை... சாகுறவரைக்கும் அப்பிடித்தான் நடக்கும்!"

தங்கமுத்து யாரையும் பார்க்காமல் நேரே கடைசி இலைக்குப் போனாள். குனிய முடியாமல் ஒரு கையை முழங்காலில் ஊன்றிக்கொண்டு சோற்றை அள்ளி வைத்தாள். இடது கையால் சாப்பிட்டுக்கொண்டிருந்த வாலிபன் நிமிர்ந்து பார்த்தான். போதும் என்று இலையை மறைத்தான். அவள் விடாமல் இன்னொரு கை அள்ளி வைத்தாள். அவன் சிரித்தான். அப்போதுதான் கேமரா இருப்பது தெரிந்தவன்போல இந்தப் பக்கம் திரும்பி, அதே சிரிப்போடு, சோறு ஒட்டிய அந்த இடது கையைத் தூக்கிக் காட்டினான். சுருள் அங்கே முடிந்தது.



"அய்யா" என்றாள் அன்னக்கொடி. யாருக்கும் காட்டுவதற்காக இல்லாமல், கூப்பிடுகிற மாதிரி சொன்னாள். அறுபது வயசுக்குமேல் அந்த வார்த்தையை முதன்முதலாக ஒரு முகத்தைப் பார்த்துச் சொல்கிறாள் என்பது அங்கே இருந்த எல்லோருக்கும் தெரிந்தது. ஆக்னல் மறுபடி செருப்பைப் பார்க்க ஆரம்பித்தான்.

"இன்னொருக்க ஓட்டு தாயி."

ஓட்டினாள். மறுபடியும் ஓட்டச் சொன்னாள். எத்தனை தடவை என்று யார் கண்டது? நடுவில் கந்தவேல் திரும்பி வந்தான், பின்னாலேயே தயங்கித் தயங்கிச் செல்லப்பாண்டியும் வந்தார். அவரை யாரும் வா என்று சொல்லவில்லை. போ என்றும் சொல்லவில்லை. அன்னக்கொடி திரையிலிருந்து கண்ணை எடுக்காமலே நகர்ந்து இடம் விட்டாள். அவர் உட்கார்ந்து பார்த்தார். தங்கமுத்து கூடையோடு நடந்து போனபோது அன்னக்கொடி விரலை நீட்டித் திரையில் அவள் வயிற்றைத் தொட்டாள்.

"ஏலே, இங்க பாரு" என்றாள் மகனிடம். "இது நாந்தான்டா. நானும் எங்கய்யாகூட இருந்திருக்கேன்."

தொடரில் அந்தக் கடைசி இலைக் காட்சிதான் முதலில் வரப்போகிறது. சக்திவேல் பழைய சீனைத் தூக்கிப் போட்டுவிட்டார். இதைப் பார்த்த பிறகு அதைத் தூக்கிப்போட அவரிடம் யாரும் சொல்ல வேண்டியிருக்கவில்லை. ஹெப்சிபா தன் வழக்கப்படி, காட்சியில் யார் யார் இருக்கிறார்கள், எந்த ஊர் என்ற குறிப்பை எழுதி அனுப்பினாள். மறுநாளே அவர் கூப்பிட்டார்.

"மேடம், கடைசி இலை ஷாட்டுக்கு மூணு பேர் போட்டிருக்கீங்க. சின்னக்கருப்பன், தங்கமுத்து, அன்னக்கொடி. ஃபிரேம்ல ரெண்டு பேர்தானே இருக்காங்க? மறுபடியும் ஏதோ மிஸ்டேக் மாதிரி இருக்கே."

"இந்தத் தடவை மிஸ்டேக் இல்ல சக்திவேல். நல்லா பாருங்க" என்றாள் ஹெப்சிபா.

அவர் பார்த்துக்கொண்டிருந்தார்போலிருக்கிறது. வெகுநேரம் கழித்து, "மூணு பேர்தான் மேடம். அப்படியே போட்டுர்றேன்" என்றார்.